கார்ட்லெஸ் பேட்டரி ஒன்றரை வருஷத்துல படுத்துடுது, நான் என்ன தப்பு பண்றேன்?

மரவேலை_வேலூர் எழுதியது:

வணக்கம். வேலூர்ல மாடுலர் கிச்சன், வார்ட்ரோப் வேலை பண்றேன். கூட ரெண்டு பசங்க. 18 வோல்ட் இம்பாக்ட் டிரைவர் ஒண்ணு, டிரில் ஒண்ணு, நாலு இஞ்ச் கிரைண்டர் ஒண்ணு. எல்லாம் ஒரே கம்பெனி, பேட்டரி மாத்தி மாத்திப் போட்டுக்கலாம். மிஷின்ல ஒரு குறையும் இல்ல. பேட்டரிதான் உயிரை வாங்குது.

போன தீபாவளிக்கு முந்தின தீபாவளிக்கு 2 ஏஎச் (ஆம்பியர் அவர், எவ்வளவு சார்ஜ் புடிக்கும்ங்கிற அளவு) பேட்டரி மூணு வாங்கினேன். இப்போ ஒண்ணை சார்ஜர்ல போட்டா சிவப்பும் பச்சையும் மாறி மாறி அடிக்குது, ஏறவே மாட்டேங்குது. இன்னொண்ணுல சார்ஜ் காட்டுற நாலு லைட்டும் எரியும், ஆனா பத்து ஹின்ஜ் மாட்டுறதுக்குள்ள ஒத்தை லைட்டுக்கு வந்துடும். மூணாவதுதான் ஏதோ வண்டி ஓட்டுது.

நான் எப்படி வெச்சிருக்கேன்னு ஒளிக்காம சொல்லிடறேன். காலையில எட்டரைக்கு சைட். பேட்டரியும் சார்ஜரும் பைக் சைடு பாக்ஸ்ல இருக்கும். பைக் வெளியில நிக்கும். புது பில்டிங்ல கரண்ட்டுனா டெம்பரரி லைன் ஒண்ணுதான், அதையும் டைல்ஸ்காரங்க புடிச்சுக்குவாங்க. எனக்கு தொழில் கத்துக் குடுத்த மேஸ்திரி சொன்னது: "பேட்டரி முழுசா தீர்ந்தாதான் சார்ஜ் போடணும், பாதியில போட்டா அதுக்கு அதுவே பழக்கமாயிடும்." அதனால மிஷின் நின்னப்புறமும் ட்ரிக்கரை விட்டு விட்டு அழுத்தி, கடைசி சொட்டு வரைக்கும் எடுத்துட்டுதான் கழட்டுவோம். கழட்டின கையோட சார்ஜர்ல சொருகிடுவோம். ராத்திரி வீட்டுல ஒண்ணு விடிய விடிய சார்ஜர்லயே கிடக்கும்.

ஏறாத பேட்டரியை இங்க ஒரு கடையில குடுத்தேன். நல்ல பேட்டரியிலருந்து ரெண்டு ஒயர் இழுத்து ஒரு நிமிஷம் தொட்டு வெச்சார், உடனே சார்ஜர் ஏத்துக்குச்சு. 200 ரூபாய் வாங்கினார். மூணு நாள் ஓடிச்சு, மறுபடியும் படுத்துடுச்சு.

கம்பெனி பேட்டரியில பாதி விலைக்கு "6 ஏஎச்"னு போட்டு டூப்ளிகேட் கிடைக்குது. வாங்கலாமா? இல்ல இருக்கறதைக் காப்பாத்த ஏதாவது வழி இருக்கா?


ஒயர்_போதும் எழுதியது:

ஒயர் வெச்ச மிஷின் வாங்குங்க. என் டிரில்லுக்கு பன்னெண்டு வயசு. கார்பன் பிரஷ் ரெண்டு தடவை மாத்தினேன், அவ்ளோதான் செலவு.


மொட்டைமாடி எழுதியது:

மேல சொன்னவர் கரண்ட்டே இல்லாத சைட்டைப் பார்த்ததில்ல போல. பேட்டரியை ஜிப் கவர்ல போட்டு ஃபிரிட்ஜ்ல வைங்க பிரதர், சூப்பரா இருக்கும். என் மச்சான் அப்படித்தான் வெச்சிருக்கான்.


பேக்_காட்டூர் எழுதியது:

கோயமுத்தூர் காட்டூர்ல பேட்டரி பேக் கட்டற கடை வெச்சிருக்கறனுங்க. எலெக்ட்ரிக் சைக்கிள், மருந்தடிக்கற ஸ்ப்ரேயர், டிரில்லுன்னு எல்லாம் வரும். கொஞ்சம் நீளமா எழுதறேன், பொறுத்துக்குங்க.

"கடைசி சொட்டு வரைக்கும்"னு படிச்சதுமே எனக்கு சிரிப்பு வந்திருச்சு, கோவிச்சுக்காதீங்க. உங்க மேஸ்திரி பொய் சொல்லலைங்க. அவரு தொழில் பழகின காலத்து டிரில்லுல இருந்தது நிக்கல் காட்மியம். செல்லுக்கு 1.2 வோல்ட், 12 வோல்ட் மிஷின்னா உள்ள பத்து செல்லு. அதைத் தீர்த்துத் தீர்த்து சார்ஜ் போடச் சொல்லித்தான் எல்லாருக்கும் பாடம். 2005-ல மகிடா 18 வோல்ட்டுல லித்தியம் இறக்குச்சு, மத்த கம்பெனிகளும் அந்தப் பக்கம் வந்துட்டாங்க. பேட்டரி மாறிருச்சு, பாடம் மாறலை. லித்தியத்துக்கு அது நேர் எதிருங்க. பாதியில போட்டா அதுக்கு ஒண்ணும் ஆகாது, நல்லதுகூட. மகிடா கையேட்டுலயே இருக்குது: முழுசா தீரறதுக்கு முன்னாடி சார்ஜ் போடு, மிஷின் பவர் குறையறது தெரிஞ்சதும் நிறுத்துன்னு. அந்தத் தாளைத்தான் நம்ம டப்பாவோட சேர்த்து வீசிர்றோமே.

உங்க பேட்டரிக்குள்ள என்ன நடந்திருக்கும்னு சொல்றேன். 2 ஏஎச் பேக்கைத் திறந்தா அஞ்சு செல்லு இருக்கும். ஒவ்வொண்ணும் 18 மில்லி குறுக்களவு, 65 மில்லி நீளம், அதனாலதான் 18650-னு பேரு. 3.6 வோல்ட் வீதம் அஞ்சுக்கு 18. முழுசா ஏறினா செல்லுக்கு 4.2, மொத்தம் 21. இதே அஞ்சு செல்லை ஒருத்தன் 18-ங்கறான், ஒருத்தன் 20-ங்கறான், இன்னொருத்தன் 21-ங்கறான். 48, 88-னு ஸ்டிக்கர் ஒட்டி வந்ததையும் திறந்து பார்த்திருக்கறேன், அதுலயும் இதே அஞ்சுதான்!

இந்த அஞ்சும் ரயில் பெட்டி மாதிரி ஒண்ணு பின்னால ஒண்ணு. அஞ்சும் ஒரே பலத்துல இருக்காது, ஒண்ணு நோஞ்சானா இருக்கும். நீங்க கடைசி சொட்டை உறிஞ்சறப்போ நல்ல செல்லு நாலும் 3 வோல்ட்டுல நிக்கும், நோஞ்சான் மட்டும் 2-க்குக் கீழ போயிரும். சில கம்பெனில கட்டாஃப் (சார்ஜ் இறங்கினதும் தானா நிறுத்தறது) மிஷினுக்குள்ளதான் இருக்குது, பேக்குல இல்ல. அது மொத்த வோல்ட்டைத்தான் பார்க்குது, தனிச் செல்லைப் பார்க்கறதில்ல. மிஷின் நின்னப்புறம் ட்ரிக்கரை விட்டு அழுத்தினா ரெண்டு சுத்து சுத்துதுன்னா சக்தி மிச்சம் இருக்குன்னு நினைச்சுக்காதீங்க. லோடு இறங்கினதும் வோல்ட் கொஞ்சம் மேல வரும், அவ்வளவுதான். அந்த ரெண்டு சுத்துதான் நோஞ்சானைக் கொல்றது.

அவ்வளவு கீழ போன செல்லுல உள்ள இருக்கற செம்புத் தகடு கரைய ஆரம்பிக்கும். மறுபடி சார்ஜ் ஏத்தினா கரைஞ்ச செம்பு வேற எங்கியோ போய்ப் படியும், செல்லுக்குள்ளயே ஷார்ட் ஆகறதுக்கு வழி பண்ணிரும். சார்ஜர் சிவப்பும் பச்சையும் அடிச்சது "இதுக்கு நான் ஏத்த மாட்டேன்"னு சொல்றதுங்க. அந்தக் கடைக்காரர் ஒயரைத் தொட்டு எழுப்பினது, சார்ஜர் வாயைப் பொத்திட்டு ஏத்தின கதை. அந்தப் பேட்டரியை இனி வீட்டுக்குள்ள சார்ஜ் போட்றாதீங்க, பசங்க தூங்கற ரூம்ல கண்டிப்பா வேண்டாம்.

அடுத்தது உங்க கிரைண்டர். பாதிப் பிரச்சனை அதுலதாங்க. ஹின்ஜ் ஸ்க்ரூ முறுக்கறது பேட்டரிக்கு விளையாட்டு. கட்டிங் வீலை இரும்புல அழுத்தினா 25, 30 ஆம்பியர் இழுக்கும். 2 ஏஎச் பேக்குல ஒரே வரிசைதான், அத்தனையும் ஒவ்வொரு செல்லு வழியாவும் போகணும். 4 ஏஎச்-ல பத்து செல்லு, ரெண்டு ரெண்டா ஜோடி போட்டிருக்கும், செல்லுக்குப் பாதிக் கரண்ட்டுதான். கரண்ட்டு பாதியானா செல்லுல கிளம்பற சூடு பாதி இல்லைங்க, கால்பங்கு. கிரைண்டருக்கு 2 ஏஎச் மாட்டறது, டிவிஎஸ் 50-ல ஒரு லோடு ஜல்லி ஏத்தற மாதிரி. ஓடும். எத்தனை நாளைக்கு?

இப்போ சைடு பாக்ஸுக்கு வரேன். வேலூர் வெயிலைப் பத்தி நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்ல. ஒரு கத்திரி வெயில்ல, சோதிச்சுப் பார்க்கலாம்னு சுவத்துல மாட்டற ரூம் தெர்மாமீட்டரை என் வண்டி பாக்ஸ்ல போட்டு மூடி, மத்தியானம் வரைக்கும் வெயில்ல விட்டேன். அதுல 50 டிகிரி வரைக்கும்தான் கோடு இருக்குது. திறந்து பார்த்தா சிவப்பு கோட்டைத் தாண்டி மேல முட்டிக்கிட்டு நிக்குது. 50 டிகிரியை எட்டற இடத்துல மிஷினையோ பேட்டரியையோ வைக்காதேன்னு அதே கையேட்டுல இருக்குது. நீங்க வெச்சிருக்கறது அதுக்கும் மேல, அதுவும் ராத்திரி முழுக்க ஏத்தி ஃபுல்லா இருக்கற பேட்டரியை. லித்தியத்துக்கு சூடு ஒரு கேடு, ஃபுல் சார்ஜ்ல சும்மா கிடக்கறது இன்னொரு கேடு. ரெண்டும் சேர்ந்தா நீங்க மிஷினைத் தொடாமலே பேட்டரி கிழவனாயிரும்.

சுடச்சுட சார்ஜ் போடறதும் அப்படித்தான். 10-லிருந்து 40 டிகிரிக்குள்ள, சூடு ஆறினப்புறம் போடுங்கறாங்க. தெர்மாமீட்டர் எல்லாம் எதுக்குங்க? கொழந்தைக்குப் பால் சூடு பார்க்கற மாதிரி பேட்டரியை மணிக்கட்டு உள்பக்கம் வெச்சுப் பாருங்க. வெதுவெதுன்னு இருந்தாகூட ஒரு டீ குடிச்சுட்டு வந்து போடுங்க. ஃபேன் வெச்ச சார்ஜர்னா அதுவே ஊதி ஆத்தும், ஆனா அந்த ஓட்டைய சிமெண்டுத் தூசியும் மரத்தூளும் அடைச்சிருக்கும், அதைத் துடைச்சு வைங்க.

ராத்திரி சார்ஜர்ல விடறது நீங்க பயப்படற அளவுக்கு இல்லைங்க, நல்ல சார்ஜர் ஃபுல்லானதும் நிறுத்திக்கும். ஆனா ராத்திரி பூரா ஃபுல்லா எதுக்கு வெச்சிருக்கணும்? 2 ஏஎச் ஒரு மணி நேரம்கூட ஆகாது. எழுந்ததும் போட்டீங்கன்னா குளிச்சு சாப்பிட்டு கிளம்பறதுக்குள்ள ரெடி. பொங்கல் லீவுல பத்து நாள் வேலை இல்லைன்னா ரெண்டு லைட் எரியற அளவுல கழட்டி அலமாரில வைங்க, மிஷின்லயும் சார்ஜர்லயும் சொருகி வைக்காதீங்க. நிறைய பேரு "நல்லா வெச்சிருக்கேன்"னு ஃபுல் பண்ணி ஆறு மாசம் மூடி வெச்சிடறாங்க. இன்னும் சிலபேரு காலியா வெச்சிடறாங்க, அது இன்னும் மோசம், பேக்குல இருக்கற சர்க்யூட் போர்டே சொட்டுச் சொட்டா குடிச்சுத் தீர்த்துரும்.

ஃபிரிட்ஜ் சொன்ன தம்பிக்கு: குளிர் கெடுதல் இல்லப்பா. ஆனா வெளிய எடுத்ததும் நம்ம ஊர் காத்துல வேர்க்கும், அந்த ஈரத்தோட சார்ஜர்ல சொருகினா டெர்மினல் பச்சை புடிக்கும். அதுவும் இல்லாம கிரைண்டர் தூசி படிஞ்ச பேட்டரிய இட்லி மாவுப் பாத்திரத்துக்குப் பக்கத்துல வெச்சா வீட்டுல என்ன நடக்கும்னு உங்க மச்சான்கிட்டயே கேளுங்க. வெயில் படாத அலமாரி போதும். (ஊட்டில இருந்து யாராவது படிச்சா: உறைபனி நேரத்துல சைட்ல கிடந்த பேட்டரிய அப்படியே சார்ஜ் போடாதீங்க. 0 டிகிரிக்குக் கீழ சார்ஜ் ஏத்தினா உள்ள லித்தியம் உலோகமாப் படியும். ரூமுக்குள்ள கொண்டு வந்து குளிர் விட்டதும் போடுங்க.)

டூப்ளிகேட்டுக்கு ஒரே சோதனைதான், மளிகைக்கடை தராசு. 18650 ஒண்ணு 45 கிராம் பக்கம் இருக்கும். பத்து செல்லு, கூடு, போர்டு எல்லாம் சேர்ந்தா 600 கிராம் பக்கத்துல வரணும். "6 ஏஎச்"னு எழுதினது 350 கிராம் காட்டுச்சுன்னா உள்ள அஞ்சுதான் இருக்குது, எழுத்துக்குக் காசு குடுக்கறீங்க. 600 காட்டினாலும் உள்ள என்ன செல்லுன்னு தெரியாது. லேப்டாப்புக்குப் போடற செல்லு நாலஞ்சு ஆம்பியருக்குத் தாங்கும், கிரைண்டருக்கு அதை மாட்டினா பொசுங்கிரும். பவர் டூலுக்குன்னு வர்ற செல்லே வேற, ஒண்ணே ஒண்ணு 20 ஆம்பியர் குடுக்கற செல்லு எல்லாம் இருக்குது.


டக்ட்_சார்ஜா எழுதியது:

காட்டூர் அண்ணாச்சி சொன்னதெல்லாம் சரிதான். நான் வள்ளியூர்ப் பக்கம், இப்போ சார்ஜாவுல ஏசி டக்ட் வேலை. இங்க ஜூன் 15-லருந்து செப்டம்பர் 15 வரைக்கும் மத்தியானம் பன்னெண்டரையிலருந்து மூணு மணி வரை வெயில்ல வேலை செய்யக்கூடாதுன்னு அரசு உத்தரவு. ஆளுங்க நிழலுக்கு வந்துருவோம், டூல் பாக்ஸ் மட்டும் மொட்டைமாடியில கிடக்கும். மூணு மணிக்குப் போய் பேட்டரியைத் தொட்டா கை பொத்துரும். முதல் வருஷம் அப்படியே பாழாக்கினோம்.

இப்போ என்ன செய்யோம்னா, மீன் வாங்குத தெர்மோகோல் பெட்டி ஒண்ணு. ஐஸ் போடக்கூடாது, தண்ணி ஆகிரும். காலையில ஏசி ரூம்லருந்து எடுத்த பேட்டரியை அப்படியே அதுல வெச்சு மூடிருவோம், மத்தியானம் வரைக்கும் சூடு உள்ள போகாது. பெட்டிக்குள்ள ஸ்க்ரூ, ஆணி எதையும் போட்டுறாதீங்க. கூட வேலை செய்த ஒருத்தன் ஸ்க்ரூ பையில பேட்டரியைப் போட்டு வெச்சான், டெர்மினல்ல ஸ்க்ரூ குறுக்க விழுந்து பை கருகிப் போச்சு.

ஊருக்கு பேட்டரி கொண்டு வரவங்களுக்கு ஒண்ணு: செக்-இன் பெட்டியில போடக்கூடாது, கைப்பைதான். 18 வோல்ட் 5 ஏஎச்-னா 90 வாட் அவர், 100-க்குள்ள இருக்கதால பிரச்சனை இல்ல. 6 ஏஎச் 108 வந்துரும், ஏர்லைன்ஸ்ல முன்கூட்டியே கேக்கணும். டெர்மினலுக்கு மூடி இல்லாட்டி டேப் ஒட்டிருங்க.


மரவேலை_வேலூர் எழுதியது:

ரொம்ப நன்றிங்க எல்லாருக்கும். ரெண்டு வாரம் கழிச்சு வரேன். மீன் மார்க்கெட்ல தெர்மோகோல் பெட்டி 60 ரூபாய்க்கு வாங்கியாச்சு. ரெண்டு தடவை கழுவியும் வாசனை போகல, கிச்சன் ஓனரம்மா ஒரு மாதிரி பார்த்தாங்க.

டூப்ளிகேட் கடைக்குப் போய் பக்கத்து மளிகைக்கடை தராசுல வெச்சேன். 385 கிராம். கடைக்காரர் "லைட் வெயிட் டெக்னாலஜி"ன்னார். வணக்கம் சொல்லிட்டு வந்துட்டேன்.

அப்புறம் நட்சத்திர ஸ்க்ரூ பிட்டு, டி-10, வாங்கி ரெண்டு பேக்கையும் திறந்து மல்டிமீட்டர் வெச்சேன். மோதிரம், வாட்ச் எல்லாம் கழட்டிட்டுதான். ஏறாததுல நாலு செல்லு 3.3 பக்கம், ஒண்ணு 0.9. சீக்கிரம் இறங்குதே, அதை ஃபுல் சார்ஜ் போட்டு பார்த்தேன்: 4.14, 4.15, 4.14, 4.13, கடைசி மட்டும் 3.62. நாலு லைட்டும் எரியுது. ஒரு செல்லு இப்படி இருந்தும் லைட் ஏன் ஃபுல் காட்டுது? இதைத் தேத்த முடியுமா?


பேக்_காட்டூர் எழுதியது:

அருமையா அளந்திருக்கறீங்க. கூட்டிப் பாருங்க, 20.18 வருது. லைட்டு மொத்தத்தைப் பார்த்துத்தான் எரியுது, அதுக்கு அஞ்சாவது ஆள் அழுகறது தெரியாது. வேலைல அந்த ஒருத்தன்தான் முதல்ல கீழ விழறான், பத்து ஹின்ஜ்ல பேட்டரி படுக்கறது அதனாலதான்.

அந்த ஒரு செல்லை மட்டும் தனியா, ஒத்தைச் செல்லு சார்ஜர்ல மெதுவா 4.15-க்குக் கொண்டு வரணும். நீங்களே பண்ணாதீங்க, உங்க ஊர்லயே எலெக்ட்ரிக் வண்டிக்குப் பேக் கட்டறவங்க யாராவது இருப்பாங்க, அவங்ககிட்டக் குடுங்க. ஏத்தினதும் மிஷின்ல மாட்டாம ஒரு வாரம் சும்மா வெச்சு மறுபடி அளக்கச் சொல்லுங்க. மத்த நாலோட சேர்ந்து நின்னுச்சுன்னா வெறும் ஏத்த இறக்கம்தான், பேக் பொழைச்சுக்கும். தானா இறங்கிருச்சுன்னா செல்லு போச்சு. ஒரு செல்லை மட்டும் புதுசா மாத்தச் சொன்னா ஒத்துக்காதீங்க, பழசு நாலோட புதுசு ஒண்ணு ஒத்துப் போகாது, அஞ்சையும் மாத்தணும். அதுவும் ஸ்பாட் வெல்டிங்ல நிக்கல் பட்டை வெச்சு. சால்டரிங் அயர்னை செல்லு மேல வெச்சாங்கன்னா பேக்கைத் திரும்ப வாங்கிட்டு வந்துருங்க.

0.9 காட்டறது செத்துருச்சுங்க. கூட்டை மூடி, டெர்மினல்ல டேப் ஒட்டி, வெளிய ஒரு பழைய பெயிண்ட் வாளில மணல் போட்டு அதுல வைங்க. குப்பைல போடாதீங்க. 2022-ல வந்த பேட்டரி கழிவு விதிப்படி வித்த கம்பெனிக்கே திரும்ப எடுத்துக்கற பொறுப்பு இருக்குது. சர்வீஸ் சென்டர்ல கேட்டுப் பாருங்க.

நல்லா இருக்கற மூணாவது மேல மார்க்கர்ல வாங்கின தேதியை எழுதி வைங்க. புதுசு வாங்கறப்பவும் அடியில அடிச்சிருக்கற தயாரிப்புத் தேதியைப் பாருங்க, கடை அலமாரில ரெண்டு வருஷம் தூங்கினதும் கிழவன்தான்.


மரவேலை_வேலூர் எழுதியது:

சரிங்க. கடைசியா ஒண்ணு. 4 ஏஎச் ஒண்ணு வாங்கலாம்னு இருக்கேன். ஆனா லாஃப்ட் வேலையில கையைத் தூக்கிட்டே ஸ்க்ரூ அடிக்கிற பையன் இப்பவே தோள் வலின்னு சொல்றான், கனமா இருக்குமே?


பேக்_காட்டூர் எழுதியது:

லாஃப்டுக்கு அந்த நல்ல 2 ஏஎச்-சையே குடுங்க, அந்த வேலைக்கு அது தாராளம். 4 ஏஎச் கிரைண்டருக்கு மட்டும். பையன் அவசரத்துல மாத்தி மாட்டிருவான், அதுமேல ஒரு சிவப்பு இன்சுலேஷன் டேப்பு சுத்திக் குடுத்துருங்க.